பயண நாள் ஒன்பது

விண்வெளியில் மனிதன் தனியாக இருப்பதற்கு ஆழமான தத்துவக் காரணங்கள் உண்டு என்று படம் பார்ப்பவர்கள் நினைத்துக்கொள்கிறார்கள். எங்கள் குறும்படத்தில் அவன் தனியாக இருந்ததற்குக் காரணம், எங்களிடம் விண்வெளி உடை ஒன்றுதான் இருந்தது. அவன் தினமும் ஒரே வேலையைத் திரும்பத் திரும்பச் செய்ததற்குக் காரணம், எங்களிடம் அறையும் ஒன்றுதான் இருந்தது.

அந்த உடைக்குள் இருந்தவன் நான். உடை எனக்குப் பொருந்தியது. என்னைத் தேர்ந்தெடுக்க வேறு தகுதி எதையும் யாரும் பார்க்கவில்லை.

இயக்குநரைக் கல்லூரியில் எல்லோரும் ‘உலகத்தரம்’ என்றுதான் கூப்பிடுவார்கள். கேன்டீன் நாற்காலியில் உட்கார்ந்துகூட “இது உலகத்தரம் இல்லடா” என்று சொல்லக்கூடியவன். எதிலும் முதல் வகுப்பு, எதிலும் தோற்றதில்லை என்று அவனே அறிவித்திருந்தான். விளக்கு, கேமரா, கடிகாரம், ஒலி எல்லாவற்றையும் பார்த்துக்கொண்டவன் ஒயர். கன்டினியூட்டி பார்த்தவள் அங்குலம். ஒரு காட்சியில் டம்ளர் எங்கே இருந்ததோ அடுத்த காட்சியிலும் அங்கேயே இருக்கிறதா என்று பார்ப்பது அவள் வேலை. “அரை அங்குலம் தள்ளியிருக்கு” என்று நாளைக்கு நாற்பது முறை சொல்வதால் அந்தப் பெயர்.

எனக்கு அவர்கள் வைத்திருந்த பெயர் அரியர். புள்ளியியலை மூன்று முறை எழுதி மூன்று முறையும் தோற்றிருந்தேன். வருகிற பதினான்காம் தேதி காலை பத்து மணிக்கு நான்காவது முறை. பழைய பாடத்திட்டத்தில் அதுவே கடைசிப் பரீட்சை. அதை விட்டால் புதிய பாடத்திட்டத்தின்படி முதலாம் ஆண்டிலிருந்து ஆரம்பிக்க வேண்டும். அதைக்கூடத் தாங்கிக்கொள்வேன். ஆனால் என் தங்கை இப்போது அதே கல்லூரியில் முதலாம் ஆண்டு படிக்கிறாள்.

“அடுத்த வருஷம் நான் உனக்கு சீனியர்ண்ணா. என்னைப் பாத்தா எழுந்து நிக்கணும், தெரியுமில்ல?” என்று சாப்பிடும்போதெல்லாம் சொல்வாள். அம்மா அவளை அதட்டுவாள். அப்பா அதட்டமாட்டார். எழுந்து நிற்பதுதான் நியாயம் என்பது அவர் கருத்து.

இப்படிப்பட்ட நிலைமையில் பத்து நாள் படப்பிடிப்புக்கு நான் ஏன் ஒப்புக்கொண்டேன் என்று கேட்கலாம். உலகத்தரம் பேசிய விதம் அப்படி.

“ரெண்டாம் தேதி காலையில உள்ள போற. பன்னெண்டாம் தேதி காலையில வெளிய வர. பரீட்சை பதினாலு. நடுவுல ரெண்டு நாள் சும்மா கிடக்குது. இன்னும் என்னடா வேணும் உனக்கு?”

“படிக்கணும்டா.”

“தனி ரூம். போன் கிடையாது. ஒருத்தரும் பேசமாட்டாங்க. எந்தப் பையனுக்குடா இந்த வசதி கிடைக்கும்? உன் புள்ளியியல் புத்தகத்துக்கு வெள்ளி அட்டை போட்டு உள்ள வச்சிடறேன். படத்துல அது விண்கலக் கையேடு. உனக்குப் பாடம். ஒரே கல்லுல…”

“போதும், வரேன்.”

நண்பர்களோடு சேர்ந்து படிக்கப் போவதாக வீட்டில் சொன்னேன். “பத்து நாளா?” என்றாள் அம்மா. “பாடம் பெருசும்மா” என்றேன். அது பொய் இல்லை.

விண்கலம் என்பது உலகத்தரத்தின் சித்தப்பா வீட்டு மாடி அறை. சித்தப்பா வெளியூரில் இருந்தார். சுவர் முழுக்கத் தெர்மாகோல், அதன்மேல் வெள்ளித்தாள், அதன்மேல் முட்டை அட்டைகளும் செத்துப்போன கீபோர்டுகளும். வட்டச் சன்னல் ஒரு பழைய வாஷிங்மெஷின் கதவு. அதற்குப் பின்னால் ஊசியால் குத்திய கருப்புத்தாள்தான் நட்சத்திர மண்டலம். உண்மையான சன்னலை மூன்று அடுக்கு அட்டையால் மூடிவிட்டார்கள். ஒரு வெளிச்சக் கீற்றுகூட உள்ளே வராது. கதவில் சாப்பாடு தள்ளுவதற்கு ஒரு ஓட்டை. ஓடிக்கொண்டே இருக்கும் மூன்று கேமராக்கள். குளியலறையில் கேமரா இல்லை. அவர்கள் சொன்னது அது.

“நடிக்காத. தனிமையை அனுபவி. பத்து நாளையும் நிஜமா வாழ்ந்துடு. அதைச் சுருக்கி இருபது நிமிஷப் படம்” என்றான் உலகத்தரம். நடிக்கத் தெரியாத ஆள் கிடைத்தால் இயக்குநர்கள் இப்படித்தான் சொல்வார்கள் போலிருக்கிறது.

என் நாள் இதுதான். இருட்டிலும் முள் மின்னும் சுவர்க் கடிகாரம் ஆறு காட்டும்போது மணி அடிக்கும். எழுந்து உட்கார வேண்டும். இடது பக்கம் பார்த்துப் பெருமூச்சு ஒன்று. மூன்று பொத்தான்களை அமுக்க வேண்டும். முகம் மழிக்க வேண்டும். பச்சை நிறம் கலந்து மசித்த உருளைக்கிழங்கைச் சாப்பிட வேண்டும். கையேடு படிக்க வேண்டும். அறைக்குள் இருபது சுற்று நடக்க வேண்டும். மறுபடி உருளைக்கிழங்கு. வாஷிங்மெஷின் வழியாகப் பூமியைத் தேட வேண்டும். இரவு மைக்கில் “பயண நாள் இத்தனை. எல்லாம் சீராக உள்ளது” என்று பதிவு செய்ய வேண்டும். கடிகாரத்தில் பத்து மணி ஆனதும் விளக்கு அணையும்.

நான் தூங்கிய பிறகு அங்குலம் உள்ளே வந்து எல்லாவற்றையும் முதல் நாள் இருந்தபடி மாற்றிவைத்துவிட்டுப் போவாள். ஒவ்வொரு நாளும் அச்சு அசலாக ஒரே நாளாகத் தெரிய வேண்டும், அதுதான் படத்தின் கரு. இதற்காக அவள் பத்து சோப்புகளை ஒரே அளவுக்குத் தேய்த்துவைத்திருந்தாள். பத்து பற்பசைக் குழாய்களை ஒரே இடத்தில் பிதுக்கிவைத்திருந்தாள். இப்படி உழைக்கும் பெண்ணைப் பார்த்தால் முதலில் மரியாதை வரும். பூட்டிய அறைக்குள் இருந்து யோசித்தால் வேறு ஏதோ வரும்.

இரண்டாம் நாளே முதல் சிக்கல். கையேட்டில் நாற்பத்திரண்டாம் பக்கத்தைத் திருப்பினேன். ஒலிபெருக்கி கரகரத்தது.

“டேய், பக்கம் நாப்பது.” அங்குலத்தின் குரல்.

“நேத்து நாப்பதும் நாப்பத்தொண்ணும் படிச்சு முடிச்சிட்டேனே.”

“இன்னைக்கும் அதேதான். முதல் நாள் எதுவோ அதுதான் தினமும். கேமராவுல பக்கம் தெரியுது.”

“பரீட்சைக்கு முன்னூறு பக்கம் இருக்குடி!”

“அப்ப முதல் நாளே எல்லாத்தையும் படிச்சிருக்கணும்.”

ஆக, அந்த இரண்டு பக்கங்களையும் தினமும் படித்தேன். சராசரி காண்பது எப்படி என்ற பாடம். கூட்டி, எண்ணிக்கையால் வகுக்க வேண்டும். என்னைப் போல் சராசரியை ஆழமாகப் படித்தவன் அந்தப் பல்கலைக்கழகத்தில் இன்னொருவன் இருக்க முடியாது.

மூன்றாம் நாள் இரவு தூக்கம் வரவில்லை. விளக்கு அணைந்த பிறகும் கொட்டக் கொட்ட விழித்துக்கிடந்தேன். வீட்டில் தலையணையைப் பார்த்தாலே தூங்குகிறவன் நான். நான்காம் நாள் பசிக்கவில்லை. இப்போதுதானே தின்றோம் என்று வயிறு சொன்னது, மதியம் என்று கடிகாரம் சொன்னது. ஐந்தாம் நாள் காலை மழிக்கப் போனால் தாடி கொஞ்சம்தான் வளர்ந்திருந்தது. என் தாடி சோம்பேறி கிடையாது. வீட்டில் சுறுசுறுப்பாக இருப்பது அது ஒன்றுதான்.

இந்த மூன்றையும் சேர்த்துப் பார்த்தேன். அறைக்குள் செய்வதற்கு வேறு ஒன்றும் இல்லை.

ஆறாம் நாள் இரவு, கடிகாரம் பதினொன்று காட்டியபோது, மூன்று அடுக்கு அட்டைக்கு அப்பாலிருந்து ஒரு சத்தம் கசிந்தது. காதைச் சுவரில் ஒட்டினேன். குழந்தைகள். நிறையக் குழந்தைகள். ஏழாம் வாய்ப்பாட்டைக் கூட்டமாகக் கத்திக்கொண்டிருந்தார்கள். பிறகு மணி அடித்தது, ஓவென்று இரைச்சலோடு வெளியே ஓடினார்கள். இரவு பதினொரு மணிக்கு எந்த ஊர்ப் பள்ளிக்கூடத்தில் வாய்ப்பாடு சொல்லிக்கொடுக்கிறார்கள்?

கடிகாரம் பொய் சொல்கிறது. இதில் சந்தேகமே இல்லை. எந்தப் பக்கம் பொய் சொல்கிறது என்பதுதான் கேள்வி.

அதற்கும் விடை வைத்திருந்தேன். எந்த இயக்குநராவது நாளைக் குறைப்பானா? மாட்டான். இன்னும் ஒரு டேக், இன்னும் ஒரு கோணம், இன்னும் கொஞ்சம் வெளிச்சம் என்று இழுப்பதுதான் அந்தச் சாதி. ஆக, நாளை நீட்டியிருக்கிறான். எனக்குத் தூக்கம் வராததற்குக் காரணம், முந்தைய ‘இரவில்’ அளவுக்கு மீறித் தூங்கவிட்டிருக்கிறார்கள். உருளைக்கிழங்கில் ஏதோ கலந்திருக்கிறார்கள். பச்சை நிறம் சும்மா வருமா? அப்படியானால் தாடி நிறைய வளர்ந்திருக்க வேண்டுமே என்று மனசாட்சி கேட்டது. அதற்கும் அஞ்சாமல் பதில் சொன்னேன்: அங்குலம். பத்து சோப்பை ஒரே அளவில் தேய்த்தவளுக்குத் தூங்குகிறவன் தாடியை அளவாக மழிப்பது பெரிய வேலையா?

ஆதாரம் இருந்தால் அது ஆதாரம். ஆதாரம் இல்லாவிட்டால் அதை அவர்கள் அழித்துவிட்டார்கள். இப்படி யோசிக்க ஆரம்பித்த பிறகு எனக்கு எல்லாமே தெளிவாக விளங்க ஆரம்பித்தது.

ஏழாம் நாள் கணினியிடம் பேசினேன். கணினி என்பது உலகத்தரம்தான். வாளிக்குள் தலையை விட்டுப் பேசுவான்.

“கணினி, இன்னைக்குத் தேதி என்ன?”

“பயண நாள் ஏழு, பயணியே.”

“அது படத்துல. வெளிய என்ன தேதி?”

“வெளியே வெற்றிடம்.”

“டேய், வாளியை எடுத்துட்டுப் பேசு. எனக்குப் பதினாலாம் தேதி பரீட்சை.”

வாளி இல்லாத குரல் வந்தது. “அதெல்லாம் எனக்குத் தெரியும்டா. உன் பரீட்சையை உன்னைவிட நான் ஞாபகம் வச்சிருக்கேன். போதுமா? இப்ப பெருமூச்சு விடு.”

என் பரீட்சையை என்னைவிட இவன் எதற்காக ஞாபகம் வைத்திருக்க வேண்டும்? இதைவிடச் சந்தேகமான வாக்கியத்தை யாரும் என்னிடம் சொன்னதில்லை.

அன்று அவன் மைக்கை அணைக்க மறந்துவிட்டான். வெகுநேரம் ஒலிபெருக்கியில் அவன் முணுமுணுப்பது கேட்டது. “ஒட்டுறவுக் கெழு… ஒட்டுறவுக் கெழு… மேல இது, கீழ அது…” நாற்பத்தொன்றாம் பக்கத்துக்குள் இப்படி ஒரு சொல் கிடையாது. ஏதோ சங்கேத வார்த்தை என்று எடுத்துக்கொண்டேன்.

எட்டாம் நாள் அறிவியல் முறைப்படி ஒரு சோதனை செய்தேன். மணிக்கட்டைப் பிடித்துக்கொண்டு, சுவர்க் கடிகாரத்தில் ஒரு நிமிடத்துக்கு நாடித்துடிப்பு எத்தனை என்று எண்ணினேன். பத்து முறை எண்ணி, கூட்டி, பத்தால் வகுத்தேன். ஐம்பத்து நான்கு. வழக்கமாக எனக்கு எழுபத்திரண்டு. நாடி தளர்ந்துவிட்டது! மயக்க மருந்து ஊர்ஜிதமாகிவிட்டது. இரண்டு பக்கப் படிப்பு வீண் போகவில்லை.

பிறகு தினமும் தூக்கம் வராமல் கிடந்த நேரம், பசிக்காமல் கழிந்த நேரம் எல்லாவற்றையும் கூட்டிச் சராசரி எடுத்தேன். அவர்களுடைய ஒரு நாள் உண்மையில் ஒன்றரை நாள் என்று வந்தது. எட்டு நாள் முடிந்துவிட்டது. எட்டு ஒன்றரை பன்னிரண்டு. இரண்டாம் தேதியோடு பன்னிரண்டைக் கூட்டினால் பதினான்கு.

ஒன்பதாம் நாள் காலை மணி அடித்தது. எழுந்து உட்கார்ந்தேன். இடது பக்கம் பார்த்தேன். பெருமூச்சு விட்டேன். அன்றுதான் அது நிஜமான பெருமூச்சு. இன்றுதான் பரீட்சை. இவர்கள் நான் ‘பயண நாள் பத்து’ என்று பதிவு செய்யும்வரை உள்ளேயே வைத்திருந்து, ஒரு வாரம் கழித்து “சாரிடா மச்சான்” என்று தோளைத் தட்டுவார்கள். தங்கை நடந்துவருவாள். நான் எழுந்து நிற்பேன்.

உருளைக்கிழங்கைத் தொடவில்லை. கதவை உடைப்பதற்காக நான்கடி பின்னால் போய் ஓடிவந்து தோளால் மோதினேன். கதவு பூட்டியிருக்கவில்லை. தாழ்ப்பாள்கூடப் போட்டிருக்கவில்லை. எட்டு நாளில் ஒருமுறையாவது தள்ளிப் பார்த்திருந்தால் திறந்திருக்கும். ஸ்கிரிப்டில் கதவைத் தள்ளும் காட்சி இல்லாததால் நான் தள்ளவில்லை. வெளிவராந்தாவில் போய்க் குப்புற விழுந்தேன்.

கதவைப் பூட்டாமல் வைத்திருக்கிறார்கள் என்றால் அதில் ஏதோ பெரிய திட்டம் இருக்க வேண்டும். சந்தேகம் இரண்டு மடங்கானது.

மானிட்டருக்கு முன்னால் ஒயர் தலைகீழாகத் தொங்குகிறவன்போல நாற்காலியில் தூங்கிக்கொண்டிருந்தான். அவனைத் தாண்டிப் படியிறங்கி ஓடினேன்.

தெருவில் காலை வெயில். எட்டு நாளாக, இல்லை பன்னிரண்டு நாளாக வெயிலைப் பார்க்காத கண்ணில் தண்ணீர் கொட்டியது. வெள்ளி உடையில், அழுதுகொண்டே ஓடும் ஒருவனைப் பார்த்துப் பேருந்து நிறுத்தத்தில் நின்றவர்கள் மரியாதையாக ஒதுங்கி வழிவிட்டார்கள். ஒரு நாய் கொஞ்ச தூரம் கூட வந்தது. பிறகு அதற்கும் ஏதோ சந்தேகம் வந்து நின்றுவிட்டது.

கல்லூரிக்கு எதிரே இருக்கும் ஜெராக்ஸ் கடைக்காரரிடம் மூச்சிரைக்கக் கேட்டேன். “அண்ணே, இன்னைக்கு என்ன தேதி?”

“எட்டு.”

“பதினாலு இல்ல?”

“எட்டுப்பா. இந்தா பேப்பர், நீயே பாரு.”

செய்தித்தாளில் எட்டாம் தேதி என்றுதான் இருந்தது. எனக்குச் சிரிப்பு வந்தது. போன வருடம் எங்கள் ‘நாளைய செய்தி’ படத்துக்கு, இரண்டாயிரத்து தொண்ணூறாம் ஆண்டுச் செய்தித்தாளை ஒயர் அச்சடித்தது இதே கடையில்தான். அதில் எதிர்கால விஞ்ஞானியாக நடித்தவர் இதே அண்ணன்தான்.

“உங்களுக்கும் சொல்லிவச்சிட்டானா?” என்றேன்.

“யாரு? என்ன?”

நன்றாகத்தான் நடித்தார். படத்தில் இவ்வளவு நன்றாக நடிக்கவில்லை.

வாசல் காவலரும் அதையே சொன்னார். “பரீட்சையா? இன்னும் ஆறு நாள் இருக்குது தம்பி. இது என்ன ட்ரெஸ்ஸு?” அவரை நம்பலாமா? எங்கள் மூன்று படங்களில் அவர் வாசல் காவலராக நடித்திருக்கிறார். வீட்டுக்குப் போன் செய்யலாமா என்று யோசித்தேன். முந்தைய படம் ஒன்றில், இறந்துபோன விண்வெளி வீரனின் தாயாக என் அம்மா பதினோரு டேக் அழுதிருக்கிறாள். உலகத்தரம் நடிக்க வைக்காத மனிதர் என் வாழ்க்கையில் யாராவது பாக்கி இருக்கிறார்களா?

ஒருவர் இருந்தார். பரீட்சைப் பிரிவு கிளார்க். ஒரு முறை கூப்பிட்டபோது, “ஆபீஸ்ல நான் சிரிக்கிறதே இல்ல, இதுல நடிக்க வேறயா?” என்று அனுப்பிவிட்டார். அவரைத் தேடிக்கொண்டு ஓடினேன். அலுவலகத்துக்கு வெளியே அறிவிப்புப் பலகையின் கண்ணாடிக் கதவைத் திறந்துவைத்து, பசைக் கிண்ணத்தோடு ஏதோ காகிதம் ஒட்டிக்கொண்டிருந்தார்.

“சார், இன்னைக்கு என்ன தேதி?”

“போர்டுல பாருங்க.”

“போர்டுல பரீட்சைத் தேதிதான் சார் இருக்கு.”

“அப்ப அதைப் பாருங்க.”

“அது இன்னைக்கா சார்?”

அவர் என் வெள்ளி உடையை மேலிருந்து கீழே பார்த்தார். “தகவல் வேணும்னா மனு எழுதிக் கொடுங்க. மூணு வேலை நாள் ஆகும்.”

அப்போதுதான் பின்னால் காலடிச் சத்தம். மூன்று பேரும் ஓடிவந்தார்கள். உலகத்தரம் அரைக்கால் சட்டையில், ஒரு காலில் மட்டும் செருப்போடு. ஒயர் கையில் கேமராவோடு. அங்குலம் நோட்டோடு.

“உனக்கு என்னடா பைத்தியமா? நல்லாப் போய்ட்டிருந்த ஷாட்டு!” என்று கத்தினான் உலகத்தரம்.

“பக்கத்துல வராத. எத்தனை நாள்டா என்னை உள்ள வச்சிருந்த?”

“ஆறு நாள்.”

“பொய்! ஒரு நாளை ஒன்றரை நாளா இழுத்திருக்க. உருளைக்கிழங்குல மருந்து. இவ எனக்கு ஷேவ் பண்ணியிருக்கா.”

“சீ!” என்றாள் அங்குலம். “உன் மூஞ்சியை நான் எதுக்குத் தொடப் போறேன்?”

ஒயர் கேமராவைக் கீழே வைத்துவிட்டுத் தலையைச் சொறிந்தான். “மச்சான், உண்மையைச் சொல்லிடுவோம்டா. நாளை இழுக்கல. குறைச்சோம். நீ உள்ள போன காலை பத்து மணியை ஆறுன்னு வச்சு, கடிகாரத்தை வேகமா ஓடவிட்டேன். உனக்கு ஒரு நாள்னா வெளிய முக்கால் நாள்தான்.”

“முக்காலா?”

“அதான் உனக்குத் தூக்கம் வரல. சாயங்காலம் நாலு மணிக்கு லைட்டை அணைச்சா யாருக்குத் தூக்கம் வரும்?”

எந்த இயக்குநர் நாளைக் குறைப்பான்? இது புதுப் பொய். முதல் பொய்யைவிட நன்றாகத் தயாரிக்கப்பட்ட பொய். “எதுக்குக் குறைக்கணும்?” என்று உலகத்தரத்தைக் கேட்டேன்.

அவன் என் கண்ணைப் பார்க்கவில்லை. “சித்தப்பா பத்தாம் தேதி வந்துடறார்டா. அதுக்குள்ள ரூமைக் காலி பண்ணணும்.”

“பதினெட்டுல்ல வரார்?” என்றான் ஒயர். “முந்தாநாள்கூடப் போன்ல பேசினாரே. செடிக்குத் தண்ணி ஊத்தச் சொன்னாரே.”

“நீ சும்மா இருடா.”

“எங்கிட்ட எடிட்டிங்குக்கு நாலு நாள் வேணும்னு சொன்ன,” என்றாள் அங்குலம். நோட்டைப் புரட்டினாள். “ஒன்னாம் தேதி, மதியம், ரெண்டு பத்து. எழுதிவச்சிருக்கேன்.”

ஒரே கேள்விக்கு இரண்டு பதில். நான் சந்தேகப்பட்டது சரி. ஏதோ ஒன்றை மறைக்கிறான். பதினான்காம் தேதி இன்றுதான், ஹாலில் இந்நேரம் வினாத்தாள் கொடுத்துக்கொண்டிருப்பார்கள். இவர்கள் பேச்சுக் கொடுத்து என்னை நிறுத்திவைக்கிறார்கள். எந்த அறை என்று பார்த்துக்கொண்டு ஓடிவிடலாம் என்று பலகைப் பக்கம் திரும்பினேன்.

கிளார்க் ஒட்டியிருந்தது அரியர் பரீட்சைக்கான இருக்கைப் பட்டியல். பசை இன்னும் ஈரமாக இருந்தது. புள்ளியியல், பதினான்காம் தேதி, அறை எண் ஆறு. மொத்தம் ஒன்பது பேர். பெயர் கிடையாது, பதிவெண் மட்டும். ஐந்தாவது என் எண்.

ஏழாவது எண்ணை நான் இரண்டு முறை படித்தேன்.

மூன்று வருடமாக உலகத்தரத்தின் அசைன்மென்ட் அட்டைகளை என் அழகான கையெழுத்தில் எழுதிக்கொடுப்பவன் நான். அந்தப் பதிவெண் என் போன் நம்பரைவிட நன்றாக எனக்குத் தெரியும்.

ஒயரால் செய்தித்தாளை அச்சடிக்க முடியும். போலி சீல் செய்ய முடியும். காவலரை, கடைக்காரரை, என் அம்மாவைக்கூட நடிக்க வைக்கலாம். ஆனால் உலகத்தில் எந்தப் படத்துக்காகவும் உலகத்தரம் தன்னுடைய எண்ணை அரியர் பட்டியலில் போடச் சம்மதிக்கமாட்டான். இந்தக் காகிதம் நிஜம். பரீட்சை இன்று என்றால், அரைக்கால் சட்டையில் ஒற்றைச் செருப்போடு அவன் இங்கே நின்றுகொண்டிருக்கமாட்டான். அவன் நாளைக் குறைத்தது ஒன்பதாம் தேதியே படத்தை முடித்துவிட்டு, யாருக்கும் தெரியாமல் நாலு நாள் உட்கார்ந்து படிக்க. அந்த ஒட்டுறவுக் கெழுவும் சங்கேதம் இல்லை, புள்ளியியல் பாடம். என்னை அரியர் என்று கூப்பிட ஆரம்பித்தவனே அவன்தான்.

எனக்கு ஆறு நாள் இருந்தது. முழுதாக ஆறு நாள். ஒவ்வொன்றும் இருபத்துநான்கு மணி நேரம். பலகையைப் பிடித்துக்கொண்டேன்.

திரும்பினேன். உலகத்தரம் பட்டியலைப் பார்க்கவில்லை, என் முகத்தைப் பார்த்துக்கொண்டிருந்தான். அவன் முகத்தில் இருந்த நிறத்தை எந்த விளக்காலும் கொண்டுவர முடியாது.

“என்னடா அதுல?” என்று கேட்டுக்கொண்டே ஒயர் முன்னால் வந்தான்.

“என் நம்பர்,” என்றேன். வெள்ளி உடையின் முதுகைப் பலகையில் சாய்த்துக்கொண்டேன். “பரீட்சை பதினாலுதான். நான்தான் கணக்கைத் தப்பாப் போட்டுட்டேன்.”

“சார், ஒட்டினது இன்னும் காயல, முதுகை எடுங்க,” என்றார் கிளார்க்.

“காயட்டும் சார். நான் பிடிச்சுக்கறேன்.”

அங்குலம் இடது பக்கமாக எட்டிப் பார்த்தாள். நான் இடது பக்கம் நகர்ந்தேன். வலது பக்கம் வந்தாள். நகர்ந்தேன். “இப்ப நீ எதை மறைக்கிற?” என்றாள்.

“பசங்க நம்பரையெல்லாம் பாக்கக்கூடாதுடி. அசிங்கம். ஃபெயிலான மனுஷங்களுக்கும் ஒரு மானம் இருக்கு.”

“உனக்கா?”

“எனக்கு இல்ல. மத்த எட்டுப் பேருக்கு.”

அவள் நம்பவில்லை. நோட்டில் ஏதோ எழுதிக்கொண்டாள். கிளார்க் கண்ணாடியைச் சாத்திப் பூட்டுப் போட்டுவிட்டு, ஒரு தடித்த ஃபைலை எடுத்துக் கண்ணாடிக்கு முன்னால் சாய்த்துவைத்தார். ஏன் வைத்தார் என்று தெரியவில்லை. மனு எழுதிக்கொடுத்தால் சொல்வாராக இருக்கும்.

திரும்பி நடந்தோம். இன்னும் இரண்டு பயண நாள் பாக்கி இருந்தது. போய் முடித்துக்கொடுக்கிறேன் என்றேன், இரண்டு நிபந்தனைகளோடு. ஒன்று, கடிகாரம் ஒழுங்காக ஓட வேண்டும். இன்னொன்று, கையேட்டில் நான் எந்தப் பக்கத்தை வேண்டுமானாலும் திருப்புவேன். இரண்டாவது நிபந்தனைக்கு அங்குலம் தெருவில் நின்று அழாத குறை.

ஒயரும் அவளும் முன்னால் போனார்கள். உலகத்தரம் என் பக்கத்தில், ஒற்றைச் செருப்பைக் கையில் பிடித்துக்கொண்டு நடந்தான். பேருந்து நிறுத்தத்தைத் தாண்டினோம்.

“லிஸ்டுல என்ன பாத்த?” என்றான் கடைசியில்.

“என் நம்பரை.”

“வேற?”

“வேற எதையும் பாக்கல.”

“சத்தியமா?”

“சத்தியமா.”

கொஞ்ச தூரம் நடந்தான். ஓரக்கண்ணால் என்னைப் பார்த்தான். நான் நேராகப் பார்த்துக்கொண்டு நடந்தேன்.

“அப்புறம் எதுக்குடா அங்க சாஞ்சு நின்ன?”

“முழங்கால் வலிச்சுது. எட்டு நாளா இருபது சுத்து நடந்திருக்கேன்.”

அவன் தலையாட்டினான். பத்தடி போய் மறுபடி திரும்பிப் பார்த்தான். மாடிப்படி ஏறும்போது ஒருமுறை பார்த்தான். நான் விண்கலத்துக்குள் நுழைந்து, இடது பக்கம் பார்த்துப் பெருமூச்சு விட்ட பிறகும், மூன்று கேமரா வழியாகவும் அவன் என்னையே பார்த்துக்கொண்டிருந்தான் என்று பிறகு ஒயர் சொன்னான். இத்தனை கூர்மையாக அவன் எந்த நடிகனையும் பார்த்ததில்லையாம்.

நான் நாற்பத்திரண்டாம் பக்கத்தைத் திருப்பினேன்.